இரவுராணியை வெட்டாதீர்கள்

"வாசத்துக்குப் பாம்பு வரும், வெட்டிப் போடுங்கோ." திருகோணமலையில் வளவுக்குள் இரவுராணி நட்டவர்கள் எல்லோரும் இதைக் கேட்டிருப்பார்கள். உவர்மலையில் சொல்கிறார்கள், அன்புவழிபுரத்தில் சொல்கிறார்கள், கடற்கரை மணலை ஒட்டிய உப்புவெளி வீடுகளிலும் சொல்கிறார்கள். பள்ளிக்கூட ஆசிரியரும் சொல்கிறார், வலை இழுக்கிறவரும் சொல்கிறார். பவளமல்லிக்கும் மனோரஞ்சிதத்துக்கும் தாழைக்கும் மல்லிகைப் பந்தலுக்கும் இதே தீர்ப்புத்தான். பல ஆண்டு வளர்ந்து பூக்கத் தொடங்கிய செடி ஒரு பின்னேரத்தில் கத்தியால் அடியோடு போகிறது. அந்த இடத்தில் சீமெந்து பூசி, இனிப் பயமில்லை என்று வீட்டார் நிம்மதி அடைகிறார்கள்.

இந்த நிம்மதி தவறானது என்பது என் வாதம். தவறு மட்டுமல்ல, ஆபத்தானதும்கூட.

எதிர்த்தரப்பின் வாதத்தை முதலில் அதன் முழுப் பலத்தோடு வைக்கிறேன். இரவில் பூக்கும் பூவின் மணம் நெடுந்தூரம் போகும். நஞ்சுள்ள பாம்புகள் பெரும்பாலும் இரவில்தான் திரியும். பாம்பு நாக்கை நீட்டி நீட்டி மணம் பிடிக்கும் உயிர். எனவே மணம் இருக்கும் இடத்தை அது தேடி வரும் என்பது முதல் வடிவம். இதை ஏற்காத படித்தவர்கள் இன்னொரு வடிவத்தைச் சொல்வார்கள்: பாம்பு பூவுக்காக வருவதில்லை, மணம் பூச்சியை இழுக்கிறது, பூச்சி தவளையையும் பல்லியையும் இழுக்கிறது, அவற்றைத் தின்னப் பாம்பு வருகிறது. மூன்றாவது, கண்ணால் கண்ட சாட்சி: "அம்மம்மா வீட்டுப் பவளமல்லியடியில் நானே பார்த்தேன்." இவற்றோடு துணைக் குற்றச்சாட்டுகளும் உண்டு. செடி நஞ்சு, மணம் தலையிடி தரும், இரவில் கரியமிலவாயு விடும், குமர்ப்பிள்ளைகள் இருக்கும் வீட்டுக்கு ஆகாது.

இந்தப் பயத்தை அறியாமை என்று ஒதுக்க எனக்கு மனமில்லை. 2012-13இல் இலங்கை முழுவதும் வீடு வீடாக நடத்தப்பட்ட ஆய்வு, இந்நாட்டில் ஓராண்டில் 80,000க்கு மேற்பட்டோரைப் பாம்பு கடிக்கிறது, அவர்களில் 30,000க்கு மேற்பட்டோருக்கு விஷம் ஏறுகிறது, 400க்கு மேற்பட்டோர் இறக்கிறார்கள் என்று கணித்தது. உலர்வலயத்தில் வாழும் நாம் அந்தக் கணக்கின் நடுவில் இருக்கிறோம். பயம் உண்மையானது. அது பிடித்திருக்கும் குற்றவாளிதான் பிழை.

1. பூவால் பாம்புக்கு என்ன ஆகப்போகிறது?

உலகில் அறியப்பட்ட பாம்பினம் ஒவ்வொன்றும் ஊனுண்ணி. தேன் குடிக்கும் பாம்பு இல்லை, இதழ் தின்னும் பாம்பு இல்லை. அது நாக்கை நீட்டும்போது காற்றிலும் நிலத்திலும் உள்ள நுண்துகள்களை எடுத்து, மேலண்ணத்தில் உள்ள யாக்கோப்சன் உறுப்பு என்ற புலனிடம் சேர்க்கிறது. அந்தப் புலன் தேடுவது எலி ஓடிய தடத்தை, இணை போன தடத்தை, பகை வந்த தடத்தை. மணத்தை உணரும் ஆற்றல் இருப்பதும், எல்லா மணத்தின் பின்னாலும் போவதும் ஒன்றல்ல. நாயின் மூக்கு நம் மூக்கைவிடப் பல மடங்கு கூர்மையானது. அதற்காக நாய்கள் மல்லிகைப் பந்தலடியில் கூடி நிற்பதில்லை.

இரவுராணி யாருக்காக மணக்கிறது என்பது மறைபொருள் அல்ல. வெளிறிய பச்சை கலந்த வெள்ளை நிறம், ஓர் அங்குல நீளமுள்ள ஒடுங்கிய குழாய், பொழுதுபட்டபின் விரியும் இதழ், இருட்டியபின் எழும் மணம் எல்லாம் நீண்ட உறிஞ்சுகுழல் கொண்ட அந்துப்பூச்சிக்காக அமைந்தவை. மேற்கிந்தியத் தீவுகளையும் நடு அமெரிக்காவையும் சேர்ந்த செடி இது, கத்தரிக் குடும்பம். அதன் பூ விரிவதும் மணப்பதும் வெளிச்சம் மறைவதால் மட்டும் நடப்பதல்ல என்பதை 1960இல் வெளிவந்த ஓர் ஆய்வு காட்டியது. வெளியுலகின் பகலிரவு தெரியாதபடி வைத்தாலும் செடி தன் உட்கடிகாரத்தின்படியே பூத்தது, தன் நேரத்தில் மணத்தது. இவ்வளவு நுட்பமான ஏற்பாடு மகரந்தத்தைச் சுமக்கும் உயிருக்காக ஏற்பட்டது. பாம்பு மகரந்தம் சுமப்பதில்லை.

2. பூச்சியைச் சொல்கிறவர்கள் மின்குமிழை ஏன் விட்டுவிடுகிறார்கள்?

"பூச்சி, தவளை, பாம்பு" என்ற சங்கிலி கேட்பதற்கு அறிவியல் போல இருக்கிறது. அதன் ஒவ்வொரு கண்ணியும் தனியாக உண்மைதான். பூவுக்குப் பூச்சி வரும், பூச்சிக்குப் பல்லி வரும், பல்லிக்குப் பாம்பு வரும். ஆனால் அளவைப் பாருங்கள். மாரி தொடங்கும் நாட்களில் உங்கள் விறாந்தை மின்குமிழைச் சுற்றி எத்தனை ஈசல், எத்தனை வண்டு, எத்தனை அந்துப்பூச்சி? அவற்றைப் பிடிக்கச் சுவரில் எத்தனை பல்லி, கீழே நிலத்தில் எத்தனை தேரை? இரவுராணிக்கு வருவது அந்தரத்தில் நின்று தேன் குடித்துவிட்டுப் பறந்துபோகும் சில அந்துப்பூச்சிகள். மின்குமிழுக்கு வருவது சிறகு உதிர்ந்து தரையில் விழும் கூட்டம். தேரைக்குப் பந்தி விரித்தது போல.

சங்கிலி வாதம் சரியென்றால் முதலில் அணைக்க வேண்டியது விறாந்தை விளக்கு. அதை எவரும் சொல்லக் கேட்டதில்லை. சமையல் மிச்சத்தைக் கிணற்றடியில் கொட்டுவதையும், கோழித்தீனை இரவில் திறந்து வைப்பதையும், நெல்மூட்டையை மண்தரையில் அடுக்குவதையும் எவரும் பாம்பழைப்பாகச் சொல்வதில்லை. இவை எலியை அழைக்கின்றன. எலிதான் நாகத்துக்கும், முத்திரைப் புடையன் என்று நாம் சொல்லும் கண்ணாடி விரியனுக்கும் முதல் இரை. சங்கிலியைப் பிடித்தவர் அதன் மிக மெல்லிய நூலை மட்டும் இழுத்து, தடித்த வடங்களை விட்டுவிடுகிறார்.

3. கண்ணால் கண்டது பொய்யா?

பொய்யில்லை. பவளமல்லியடியில் பாம்பு கிடந்ததை நான் மறுக்கவில்லை. அது ஏன் கிடந்தது என்ற முடிவைத்தான் மறுக்கிறேன். பூ மணக்கும் நேரமும் பாம்பு உலாவும் நேரமும் ஒன்று, இரண்டும் இரவு. பவளமல்லி சொரியும் பருவமும் நம் மழைப்பருவமும் நெருங்கியே வருகின்றன. திருகோணமலைக்கு ஆண்டு மழையின் பெரும்பகுதி ஒக்டோபரில் இருந்து ஜனவரிக்குள் வாடையோடு கொட்டித் தீர்ந்துவிடும். அந்த மாதங்களில் வளைகளுக்குள் தண்ணீர் ஏறும். பாம்பு மேட்டைத் தேடி, காய்ந்த இடத்தைத் தேடி வெளியே வரும், வீட்டுக்குள்ளும் வரும். மாறாக, கச்சான் காற்று தீயாய் வீசும் ஆனி, ஆடியில் அது ஈரத்தையும் நிழலையும் தேடிக் குளியலறைக்கும் கிணற்றடிக்கும் போகும். குளியலறையில் பாம்பைக் கண்டவர் குளியலறையை இடிப்பதில்லை. கோழிக்கூட்டில் கண்டவர் கோழி வளர்ப்பதை விடுவதில்லை. பூச்செடியடியில் கண்டால் மட்டும் செடி குற்றவாளி ஆகிறது. அது முதலிலேயே சந்தேகப் பட்டியலில் இருந்ததால் இந்த ஒரு காட்சி மட்டும் நினைவில் நின்று, பிள்ளைகளுக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் சொல்லப்படுகிறது.

இன்னொன்றும் உண்டு. செடியின் கிளையிலேயே பாம்பைக் கண்டதாகச் சொல்கிறவர்கள் பெரும்பாலும் கண்டது பச்சைப் பாம்பை அல்லது கொம்பேறி மூக்கனை. இவை பகலில் ஓணானும் பல்லியும் தேடிக் கிளைகளில் திரிபவை. கொம்பேறி மூக்கனுக்கு நஞ்சு இல்லை. பச்சைப் பாம்பின் மெல்லிய நஞ்சு மனிதரைக் கொல்லாது. மணமில்லாத குரோட்டன் செடியிலும் அவை இருக்கும்.

ஒரு நியாயத்தை மட்டும் ஏற்கிறேன். கிளை கத்தரிக்காமல் விட்ட இரவுராணி அடியில் இருந்தே கிளைவிட்டுப் பற்றையாகும். சருகு சேரும், இருள் சேரும். அந்த மறைவில் பாம்பு ஒதுங்கலாம். ஆனால் அது மறைவின் குற்றம். மணமே இல்லாத பற்றை எதுவும் அதே வேலையைச் செய்யும். போர்க்காலத்தில் ஆளில்லாமல் கிடந்து மீண்டும் குடியேறிய வளவுகளில் பாம்பு மலிந்திருந்ததற்கு, காடேறிய நிலமும் இடிந்த சுவரும் காரணமாய் இருந்தன. அங்கே எந்தப் பூவும் பாம்புகளை அழைக்கத் தேவைப்படவில்லை.

4. நம்பிக்கை உண்மையானால் உலகம் எப்படி இருந்திருக்கும்?

மதுரையைச் சுற்றி, நிலக்கோட்டையில், திண்டுக்கல்லில் மல்லிகை தோட்டம் தோட்டமாக விளைகிறது. மதுரை மல்லிக்கு 2013இல் புவிசார் குறியீடே கிடைத்தது. அங்கே மொட்டைப் பறிக்கிறவர்கள், பெரும்பாலும் பெண்கள், விடியுமுன் இருட்டில் செடிக்குள் கைவிட்டுப் பறிக்கிறார்கள். மணம் பாம்பை இழுக்குமென்றால் அந்தத் தொழில் ஒரு பருவம்கூட நடந்திருக்காது. வயலில் இறங்கும் எவருக்கும் உள்ள ஆபத்து அவர்களுக்கும் உண்டு. அதற்கு மேல் அல்ல. இலங்கையில் பாம்புக்கடிக்குப் பெயர்போன இடம் நெல்வயல். நெல்லுக்கு என்ன மணம்?

பவளமல்லியை எடுத்துக்கொள்ளுங்கள். அந்தியில் விரிந்து விடியலில் உதிரும் பூ. நிலத்தில் விழுந்தபின் எடுத்துச் சாமிக்குச் சாத்தலாம் என்று நம் வீடுகளில் விலக்குப் பெற்ற பூவும் அதுதான். அதைப் பொறுக்குகிறவர் இருள் பிரியாத வேளையில், மரத்தடியில், வெறுங்கையால், குனிந்து பொறுக்குகிறார். பெரும்பாலும் சிறுபிள்ளைகள். பாம்பு கூடும் இடத்துக்கு, பாம்பு திரியும் நேரத்தில் பிள்ளையை அனுப்பும் வழக்கத்தை எந்தச் சமூகம் தலைமுறை தலைமுறையாக வைத்திருக்கும்? பூவைப் பொறுக்கச் சொன்ன அதே பாட்டிமார்தான் வாசத்துக்குப் பாம்பு வரும் என்றும் சொன்னார்கள். நாம் அவர்களுடைய சொல்லைப் பிடித்துக்கொண்டு செயலை விட்டுவிட்டோம்.

5. வெட்டினால் என்ன நட்டம் என்று கேட்கிறீர்களா?

நட்டம் உயிர்வரை போகும். இதைத்தான் மற்ற எல்லாவற்றையும்விட அழுத்திச் சொல்ல விரும்புகிறேன்.

வீட்டுக்குள் வந்து கொல்லும் பாம்பு கட்டுவிரியன். பல்லி, எலி, மற்றப் பாம்புகளைத் தேடி நள்ளிரவில் கதவிடுக்கால் நுழைகிறது. வெக்கைக்குத் தரையில் பாய்போட்டுப் படுத்திருப்பவர் புரளும்போது கடிக்கிறது. கடி பெரும்பாலும் வலிப்பதில்லை. பல் பட்ட தடமும் தெரியாமல் போகலாம். வயிற்றுவலியோடு எழுந்து, கண்ணிமை தொங்கி, பேச்சுக் குழறி, மூச்சுத் தசைகள் செயலிழக்கும்வரை பலருக்குத் தெரிவதில்லை. இதைத் தடுக்கும் வழி பூச்செடியிடம் இல்லை. கட்டிலில் படுப்பதும், நுளம்புவலையைப் பாயின் அல்லது மெத்தையின் கீழ் சுற்றிவரச் செருகுவதும்தான் வழி. தென்கிழக்கு நேபாளத்தில் நடந்து 2007இல் வெளியான ஆய்வு, வலைக்குள் உறங்கியவர்களைப் பாம்பு கடிப்பது வெகுவாகக் குறைந்திருந்ததைக் காட்டியது.

செடியை வெட்டிய வீட்டில் என்ன நடக்கிறது? ஆபத்தை நீக்கிவிட்டோம் என்ற எண்ணம் வருகிறது. வேலியோரப் பொச்சுக் குவியல் அப்படியே கிடக்கிறது. பழைய கிடுகும் ஓட்டுத்துண்டும் விறகும் சுவரோடு சாய்ந்தபடி இருக்கின்றன. கதவின் அடியில் விரல் நுழையும் இடைவெளி இருக்கிறது. டோர்ச் இல்லாமல் வெறுங்காலோடு கழிப்பறைக்குப் போகும் பழக்கம் தொடர்கிறது. செடியை வெட்டும் அதே கை வெள்ளைப்பூண்டுத் தண்ணீர் தெளிக்கிறது, மண்ணெண்ணெய் ஊற்றுகிறது. மணம் அழைக்கும் என்று நம்புகிறவருக்கு மணம் விரட்டும் என்று நம்புவது எளிது. பூண்டையும் மண்ணெண்ணெயையும் நம்பித் தரையில் படுப்பவரை அவை காக்கமாட்டா.

இன்னொரு இழப்பும் இருக்கிறது. பூச்செடியடியில் காணப்பட்டது சாரையாக இருந்தாலும் அடித்துக் கொல்கிறோம். சாரைக்கு நஞ்சில்லை. வளவில் எலியைக் குறைக்கும் உயிர் அது. அதைக் கொன்று எலியைப் பெருக்கி, எலிக்காக வரும் நாகத்துக்கு வழி திறக்கிறோம்.

கடிபட்டால் செய்ய வேண்டியதும் ஒன்றே. இறுக்கிக் கட்டாமல், கீறாமல், கடிபட்ட உறுப்பை அசைக்காமல், நேராகத் திருகோணமலை வைத்தியசாலைக்குப் போக வேண்டும். நாகம், கண்ணாடி விரியன், கட்டுவிரியன், சுருட்டை விரியன் நான்குக்குமான விஷமுறிவு மருந்து வைத்தியசாலையில்தான் கிடைக்கும். மந்திரித்துப் பார்வை பார்ப்பவரிடம் கழியும் ஒவ்வொரு மணிநேரமும் மூச்சைக் குறைக்கிறது.

6. நஞ்சு என்ற குற்றச்சாட்டு உண்மை. அதிலிருந்து முடிவு வேறு.

இரவுராணியின் இலையும் வெள்ளைக் காயும் நஞ்சு. குழந்தை வாயில் வைக்கக்கூடாது, ஆடுமாடு தின்னக்கூடாது. இதில் எனக்கு எந்தச் சமரசமும் இல்லை. ஆனால் நம் வேலிகளில் மஞ்சள் அலரி நிற்கிறது; அதன் கொட்டை மனித இதயத்தை நிறுத்தக்கூடியது. கோவில் வீதியில் செவ்வலரி நிற்கிறது, அதுவும் நஞ்சு. ஊமத்தம்பூவைச் சிவனுக்கே சாத்துகிறோம். இவற்றை வெட்டச் சொல்லி எவரும் வருவதில்லை. நஞ்சுதான் அளவுகோல் என்றால் அது எல்லாச் செடிக்கும் ஒன்றாக இருக்கட்டும்.

இதற்கான ஒழுங்கு எளியது. பூ முடிந்ததும் கொத்தைக் காய்க்குமுன் நறுக்கிவிட வேண்டும். அதனால் குழந்தைக்குக் காயால் வரும் ஆபத்து இல்லை. பறவை விதையைக் காட்டுக்குக் கொண்டுபோவதும் இல்லை. பசிபிக் தீவுகளிலும் நியூசிலாந்திலும் இச்செடி வளவைத் தாண்டிப் பரவித் தொல்லையானதற்கு அதைக் காய்க்கவிட்டதும் ஒரு காரணம். நறுக்கிய கிளையைத் தெருவோரம் எறியாதீர்கள். ஃபிரெட்ரிக் கோட்டையில் இருந்து இறங்கி வரும் புள்ளிமான்கள் நம் தெருக்களில் மேய்கின்றன, கடற்கரையில் மாடுகளும் மேய்கின்றன. குழி வெட்டிப் புதையுங்கள்.

7. தலையிடி, கரியமிலவாயு, மோகினி

தலையிடி சிலருக்கு உண்மை. ஒற்றைத் தலைவலியும் ஆஸ்துமாவும் உள்ளவர்களை நெருக்கமான மணம் வருத்தும். அதற்கு மருந்து தூரம். கரியமிலவாயு வாதத்துக்கு ஆதாரமில்லை. ஒரு மனிதர் ஒருநாளில் ஏறத்தாழ ஒரு கிலோ கரியமிலவாயுவை வெளிவிடுகிறார். திறந்த வெளியில் நிற்கும் செடி ஓர் இரவில் விடுவது கிராம் கணக்கு. பக்கத்துப் பாயில் படுத்திருப்பவரைப் பார்த்துப் பயப்படாதவர் வளவுச் செடியைப் பார்த்துப் பயப்பட வேண்டியதில்லை.

குமர்ப்பிள்ளைகள் உள்ள வீட்டில் இரவுப்பூ ஆகாது, மோகினி அண்டும் என்பதை இந்தப் பட்டியலில் சேர்க்கவே எனக்குக் கோபம் வருகிறது. அது பெண்பிள்ளை பொழுதுபட்டபின் முற்றத்தில் நிற்காமல் இருக்க ஆக்கிய பயம். ஒரு பெண் தன் வீட்டு முற்றத்தில், தான் தண்ணீர் ஊற்றிய செடிக்கருகே காற்று வாங்க நிற்பதற்கு எவரிடமும் அனுமதி கேட்கத் தேவையில்லை.

8. "எங்கள் உப்புக்காற்றில் வராது"

இது நம்பிக்கை அல்ல, சாட்டு. வரும். கடலைப் பார்த்த பக்கத்தில் நட்டால் இலை கருகும். வீட்டின் மறுபக்கத்தில், மதில் மறைவில், அரைநாள் வெயில் படும்படி நடுங்கள். ஒக்டோபரில் முதல் மழை விழுந்ததும், பென்சில் தடிப்புள்ள முற்றிய தண்டைச் சாண் நீளத்துக்கு வெட்டி ஊன்றினால் வேர் பிடிக்கும். மணல் நிலமென்றால் குழியில் மாட்டெருவும் தும்புத்தூளும் கலந்து இடுங்கள். மணல் தண்ணீரைப் பிடித்துவைக்காது. கந்தளாய்க் குளத்தில் இருந்து குழாயில் வரும் நீர் நமக்கு இலவசம் அல்ல. கச்சான் மாதங்களில் குளித்த, அரிசி கழுவிய தண்ணீரே போதும். மாலையில் அடியில் ஊற்றுங்கள்.

யன்னலுக்கு அடியில் வேண்டாம். படுக்கையறையில் இருந்து பத்துப் பதினைந்து அடி தள்ளி, வாடையோ கச்சானோ மணத்தை முற்றத்துக்குக் கொண்டுவரும் இடமாகப் பாருங்கள். நிலத்தில் இருந்து முழங்கால் உயரம்வரை கிளையை எடுத்துவிட்டு, அடியைப் பெருக்கி, மண் தெரிய வைத்திருங்கள். அதன்பின் அங்கே ஒரு பல்லிகூட உங்கள் கண்ணுக்குத் தப்பாது.

பூச்சாடியில் வளர்ப்பவர்களுக்கு ஓர் உண்மையான ஆபத்தைச் சொல்லியே ஆக வேண்டும். 2017இல் இலங்கையில் 1,80,000க்கு மேற்பட்டோர் டெங்கு நோயாளிகளாகப் பதிவானார்கள். அந்த ஆண்டு தொடக்கத்தில் நம் மாவட்டத்தின் கிண்ணியா கடுமையாக அடிபட்டது. பூச்சாடியின் கீழ்த்தட்டில் தேங்கும் தண்ணீர் நுளம்பு பெருகப் போதுமானது. தட்டை எடுத்துவிடுங்கள், அல்லது மணல் நிரப்பி வையுங்கள். அயலார் வந்து செடியைப் பார்த்து எச்சரிக்கும்போது அந்தத் தட்டை அவர்களுக்குக் காட்டுங்கள். பிறகு அவர்களோடு அவர்கள் வளவுக்குப் போய், வேலியோரப் பொச்சுக் குவியலை அப்புறப்படுத்தக் கை கொடுங்கள்.